பவ் ஸ்ட்ரீட்டா, நார்மன் ஷா கட்டடமா?

லண்டனில் விக்டோரியா காலத்துப் பழைய போலீஸ் கட்டடம் ஒன்றைப் பார்க்க நேரம் இருந்தால், என் ஓட்டு பவ் ஸ்ட்ரீட்டுக்கு.

அழகில், கட்டடக் கலைஞர் நார்மன் ஷா வடிவமைத்த கட்டடம்தான் ஒரு படி மேல். 1890-இல் லண்டன் போலீஸான ஸ்காட்லாந்து யார்டின் தலைமையகமாக தேம்ஸ் கரையில் எழுந்தது. செங்கல்லும் வெள்ளைக் கல்லும் மாறி மாறி வரும் பட்டைகள், மூலைக்கு மூலை கோபுரம். அடித்தளத்துக் கிரானைட்டை வெட்டியவர்கள் டார்ட்மூர் சிறைக் கைதிகள். போலீஸுக்குக் கைதிகள் போட்ட அஸ்திவாரம்! 1967-இல் போலீஸ் வெளியேறியது. இப்போது நாடாளுமன்ற உறுப்பினர்களின் அலுவலகம். வெளியே நின்று அண்ணாந்து பார்ப்பதோடு சரி.

பவ் ஸ்ட்ரீட் கட்டடம் 1881-இல் திறக்கப்பட்டது. வடிவமைத்தவர் ஜான் டெய்லர். முகப்பு கம்பீரமானது, ஆனால் அடக்கமானது. நிலையமும் நீதிமன்றமும் ஒரே வளாகத்தில் என்பதால், லாக்கப்பிலிருந்து கூண்டுக்கு நாலு எட்டுதான். 1895-இல் எழுத்தாளர் ஆஸ்கார் வைல்டும், 1908-இல் பெண்களுக்கு வாக்குரிமை கேட்ட எம்மலின் பேங்க்ஹர்ஸ்ட்டும் இங்கே நிறுத்தப்பட்டார்கள். மற்ற நிலையங்களின் வாசலில் நீல விளக்கு; இங்கே மட்டும் வெள்ளை. விக்டோரியா ராணிக்கு நீலம் ஆகவில்லை என்பது ஊர்ப்பேச்சு. 1992-இல் நிலையமும் 2006-இல் நீதிமன்றமும் மூடப்பட்டன. இன்று பெரும்பகுதி சொகுசு ஹோட்டல். மிச்சத்தில் ஒரு சின்ன அருங்காட்சியகம். பழைய லாக்கப் அறைக்குள்ளேயே போய் நிற்கலாம்.