மலையூரில் பத்து நிமிட சார்ஜ்: ஒன்பிளஸ் நார்ட் பட்ஸ் 2

வயர்லெஸ் இயர்பட்ஸ் வாங்கும்போது பெரும்பாலோர் ஒலியைக் கேட்டுப் பார்க்கிறார்கள், விலையை ஒப்பிடுகிறார்கள். சார்ஜ் எவ்வளவு விரைவாக ஏறும் என்று விசாரிப்பவர்கள் குறைவு. நீலகிரியில் வாழ்பவர்கள் முதலில் விசாரிக்க வேண்டியது அதைத்தான் என்பது என் உறுதியான கருத்து. மழைக்காலத்தில் ஒரு கற்பூர மரக்கிளை மின்கம்பியின்மேல் சாய்ந்தாலே கோத்தகிரியின் ஒரு பகுதி பல மணி நேரம் இருளில் இருக்க நேரிடுகிறது; மின்சாரம் வந்து போகும் இடைவெளியில் கைப்பேசி, டார்ச், மடிக்கணினி ஆகிய எல்லாவற்றுக்கும் பிறகே இயர்பட்ஸின் முறை வருகிறது. 1932இல் பைக்காரா நீர்மின் நிலையம் இயங்கத் தொடங்கிய காலம் முதல் சமவெளிக்கு மின்சாரம் அனுப்பிவரும் மாவட்டம் இது. இங்கே பெரும்பாலான தடைகளுக்குக் காரணம் உற்பத்திக் குறைவு அன்று, சரிவுகளில் மரங்களுக்கிடையே செல்லும் கம்பிகள்தாம். ஆகவே, கிடைக்கும் சிறிது நேரத்தில் ஒரு கருவி எவ்வளவு மின்சாரத்தை வாங்கி வைத்துக்கொள்கிறது என்பதைக் கொண்டே அதை மதிப்பிடுகிறேன்.

கோத்தகிரியிலிருந்து குன்னூருக்குப் பேருந்தில் வேலைக்குச் சென்று வருபவன் நான். இணையவழிக் கூட்டங்களும் நீண்ட தொலைபேசி உரையாடல்களும் என் பணியின் ஒரு பகுதி. அதற்காக நான் பயன்படுத்துவது ஒன்பிளஸ் நார்ட் பட்ஸ் 2. 2023 ஏப்ரலில் 2,999 ரூபாய் விலையில் இந்தியாவில் அறிமுகமான இந்த இயர்பட்ஸுக்கு நிறுவனம் தரும் கணக்கு இது: இரைச்சல் நீக்கும் வசதியை அணைத்து வைத்தால் கேஸுடன் (இயர்பட்ஸை வைத்துச் சார்ஜ் ஏற்றும் சிறு பெட்டி) சேர்த்து 36 மணி நேரம் கேட்கலாம், 10 நிமிடம் சார்ஜ் செய்தால் 5 மணி நேரம் கேட்கலாம். இந்த இரண்டாவது எண்ணுக்காகவே இதைத் தேர்ந்தெடுத்தேன்.

அந்த எண்ணைச் சரியாகப் புரிந்துகொள்வது முக்கியம். இத்தகைய கணக்குகள் இரைச்சல் நீக்கத்தை அணைத்து, ஒலியை நடுத்தர அளவில் வைத்துச் சொல்லப்படுபவை. கேஸ் வாங்கிவைக்கும் மின்சாரமும் அவற்றில் சேர்த்தி. அதாவது, பத்து நிமிடம் சார்ஜ் ஏற்றிவிட்டுக் காதில் மாட்டினால் ஐந்து மணி நேரம் இடைவிடாமல் ஓடும் என்று பொருள் கொள்ளக் கூடாது. நடுவில் ஒருமுறை கேஸுக்குள் வைத்து எடுக்க வேண்டியிருக்கும். மற்ற நிறுவனங்கள் இதைச் சொல்லும் விதம் வேறு. போட் ஏர்டோப்ஸ் 141க்கு 5 நிமிடத்தில் 75 நிமிடம் என்றும், ஆப்பிளின் இரண்டாம் தலைமுறை ஏர்பாட்ஸ் ப்ரோவுக்குக் கேஸில் 5 நிமிடம் வைத்தால் ஏறத்தாழ 1 மணி நேரம் என்றும் அந்தந்த நிறுவனங்கள் குறிப்பிடுகின்றன. அளவுகோல் ஒன்றாக இல்லாதபோது இந்த எண்களை அருகருகே வைத்து எது பெரியது என்று பார்ப்பதில் பயனில்லை.

அன்றாட வாழ்வில் உண்மையில் உதவும் வேகம் எது என்பதை இங்கே விரிவாகச் சொல்ல வேண்டும். சுவரிலுள்ள பிளக்கிலிருந்து இயர்பட்ஸுக்கு மின்சாரம் நேரடியாகச் செல்வதில்லை. அது முதலில் கேஸிலுள்ள பேட்டரிக்குச் செல்கிறது, அங்கிருந்து சிறு உலோக முனைகள் வழியாக இயர்பட்ஸுக்குள் இறங்குகிறது. இயர்பட் ஒவ்வொன்றிலும் உள்ள பேட்டரி இந்த மாடலில் 41 மில்லி ஆம்பியர் மணி (பேட்டரியின் கொள்ளளவை அளக்கும் அலகு), கேஸில் உள்ளது 480. இவ்வளவு சிறிய பேட்டரிக்கு மிகக் குறைந்த மின்னோட்டமே போதும் என்பதால், கேஸில் சார்ஜ் இருக்கும்வரை வீட்டில் மின்சாரம் இருக்கிறதா இல்லையா என்பது இயர்பட்ஸுக்கு ஒரு பொருட்டே அன்று. பேருந்து நிறுத்தத்திலிருந்து அலுவலகம் வரை நடக்கும் நேரத்தில் கேஸுக்குள் வைத்திருந்தால், அடுத்த கூட்டத்துக்குத் தேவையானது ஏறிவிடுகிறது. எனவே விரைவு சார்ஜ் என்னும் வசதியின் முழுப் பயனும், கேஸை வெறுமையாக விடாமல் பார்த்துக்கொள்ளும் வழக்கத்தில்தான் அடங்கியிருக்கிறது. கேஸ், இடது இயர்பட், வலது இயர்பட் ஆகியவற்றில் எஞ்சியுள்ள அளவை ஹேமெலடி என்னும் செயலி தனித்தனியே காட்டுகிறது. கேஸின் அளவு பாதிக்குக் கீழே போனால் அன்றிரவே சார்ஜில் போட்டுவிடுகிறேன்.

லித்தியம் அயனி பேட்டரி தொடக்கத்தில் வேகமாக வாங்கும். நிறைவை நெருங்க நெருங்க மின்னோட்டத்தைக் குறைத்துக்கொள்ளும். ஆகையால் ஏறக்குறைய தீர்ந்துபோன இயர்பட்ஸுக்குக் கிடைக்கும் பத்து நிமிடமும், எண்பது சதவீதத்தில் இருக்கும் இயர்பட்ஸுக்குக் கிடைக்கும் பத்து நிமிடமும் ஒன்றல்ல. நூறு சதவீதம் காட்டும்வரை அவசரத்தில் காத்திருப்பது வீண்.

குளிரைப் பற்றிச் சமவெளியில் எழுதப்படும் மதிப்புரைகள் எதுவும் சொல்வதில்லை. டிசம்பர், ஜனவரி மாதங்களில் உதகையின் தலைகுந்தா, காந்தல் போன்ற பகுதிகளில் உறைபனி விழுகிறது. வெப்பநிலை 0 டிகிரி செல்சியஸை ஒட்டி இறங்குகிறது. அந்த நிலையில் லித்தியம் அயனி பேட்டரியைச் சார்ஜ் செய்தால், அயனிகள் பேட்டரியின் எதிர்முனையிலுள்ள கிராஃபைட்டுக்குள் புகுவதற்குப் பதிலாக அதன் மேற்பரப்பில் லித்தியம் உலோகமாகப் படிந்துவிடும். அதனால் குறையும் கொள்ளளவு பெரும்பாலும் திரும்பக் கிடைக்காது. உறைநிலைக்குச் சற்று மேலேயும் வேதிவினை மந்தமாகவே நடக்கும், பேட்டரிக் கட்டுப்பாட்டுச் சுற்றுள்ள கருவிகள் தாமாகவே வேகத்தைக் குறைத்துக்கொள்ளவும் கூடும். ஜன்னலோரத்தில் இரவு முழுவதும் கிடந்த கேஸை விடிந்ததும் பிளக்கில் மாட்டுவதைவிட, ஸ்வெட்டரின் உட்பையில் சிறிது நேரம் வைத்திருந்துவிட்டு மாட்டுவது மிகவும் நல்லது. கணப்பு அடுப்பின் அருகே வைத்துச் சூடேற்றுவதும் கேடு. 45 டிகிரிக்கு மேற்பட்ட வெப்பத்தில் சார்ஜ் செய்வதும் பேட்டரியின் ஆயுளைக் குறைக்கும். அதே சமயம், லித்தியம் அயனி பேட்டரி குளிர்ந்த இடத்தில் மெதுவாகவே மூப்படையும் என்பதால், சென்னையின் வெயிலில் காரின் டாஷ்போர்டில் கிடக்கும் இயர்பட்ஸைவிட நம் ஊரில் அலமாரியில் இருக்கும் இயர்பட்ஸ் நெடுநாள் உழைக்க வாய்ப்புண்டு. மலைவாசிகளுக்கு இது ஒரு கொடை.

மூடுபனி இன்னொரு செய்தி. குளிர்ந்த கேஸை வெதுவெதுப்பான அறைக்குள் கொண்டுவந்தவுடன் திறந்தால், உலோக முனைகளின்மேல் நீர்த்துளிகள் மெல்லியதாகப் படியும். தூசியையும் நீர்த்தெறிப்பையும் ஓரளவு தாங்கும் என்பதற்கான ஐபி55 தரச் சான்று இயர்பட்ஸுக்கு உண்டு என்றாலும், அது ஈரத்துடன் சார்ஜ் செய்வதற்கான அனுமதி அன்று. காதிலிருந்து எடுத்ததும் உலர்ந்த பருத்தித் துணியால் துடைத்துவிட்டுக் கேஸில் வைப்பது நல்லது. ஒரு பக்கம் மட்டும் சார்ஜ் ஏறவில்லை என்று பலர் சொல்லும் குறைக்கு, அந்த முனைகளில் படியும் வியர்வையும் காதழுக்குமே பெரும்பாலும் காரணமாக இருக்கின்றன.

சார்ஜர் பற்றிப் பரவலாக ஒரு தவறான நம்பிக்கை இருக்கிறது. கைப்பேசியுடன் வந்த 67 அல்லது 80 வாட் சார்ஜரில் மாட்டினால் இயர்பட்ஸும் அதே வேகத்தில் ஏறிவிடும் என்று நினைக்கிறார்கள். கேஸ் தனக்கு எவ்வளவு வேண்டுமோ அவ்வளவைத்தான் எடுத்துக்கொள்ளும். பழைய 5 வோல்ட் சார்ஜரே இதற்குப் போதும். ஆனால் கேபிளில் கவனம் வேண்டும். விலை மலிவான சில இயர்பட்ஸ்களின் கேஸில், மின்சாரம் வேண்டும் என்று சார்ஜருக்குத் தெரிவிக்கும், டைப் சி இணைப்புக்குரிய 5.1 கிலோ ஓம் மின்தடைகள் பொருத்தப்படுவதில்லை. அவை இரு முனையும் டைப் சி ஆன கேபிளில் சார்ஜ் ஏறாது, ஒரு முனை பழைய செவ்வக யுஎஸ்பியாக உள்ள கேபிளில் மட்டுமே ஏறும். எந்த நிறுவனத்தின் இயர்பட்ஸ் வாங்கினாலும் கடையிலேயே இரண்டு வகைக் கேபிளிலும் மாட்டிப் பார்த்துவிடுவது நல்லது. பவர் பேங்கிலும் இதைப் போன்ற ஒரு சிக்கல் உண்டு. மின்னோட்டம் மிகக் குறைவாக இருந்தால் எதுவும் இணைக்கப்படவில்லை என்று கருதித் தானாகவே அணைந்துவிடும் பவர் பேங்குகள் பல. சிறு கருவிகளுக்கென்று தனி முறை இருந்தால், பெரும்பாலும் பொத்தானை இருமுறை அழுத்தி அதை இயக்கிக்கொள்ளலாம். அப்படிப்பட்ட 10,000 மில்லி ஆம்பியர் மணி பவர் பேங்க் ஒன்று, இழப்புகள் போக, இந்தக் கேஸை எட்டு ஒன்பது முறையாவது நிரப்பிவிடும். மழைக்காலத்துக்கு இதைவிட நல்ல துணை இல்லை.

நீண்ட உரையாடல்களுக்கு ஒரே ஒரு இயர்பட்டை அணிந்து மற்றொன்றைக் கேஸில் வைத்து, பிறகு மாற்றிக்கொள்ளும் முறையைப் பெரிதும் பரிந்துரைக்கிறேன். வளைந்து செல்லும் மலைச் சாலையிலும் ஒரு காது திறந்திருப்பது பாதுகாப்பு. இரைச்சல் நீக்கத்தைப் பேருந்து மேடேறும்போது மட்டும் இயக்கினால் போதும். எப்போதும் இயங்க விட்டால் இயர்பட்ஸின் பேட்டரி 7 மணி நேரத்திலிருந்து 5 மணி நேரமாகக் குறைகிறது.

கம்பியில்லா சார்ஜ் வசதி இந்தக் கேஸில் இல்லை. இந்த விலையில் அதை நான் எதிர்பார்க்கவும் இல்லை, அந்த முறை கேபிளைவிட மெதுவானது என்பதால் இழப்பாகவும் கருதவில்லை. கவனிக்க வேண்டியது வேறு ஒன்று: இயர்பட்ஸின் பேட்டரி நாம் மாற்றக்கூடியது அன்று. அது தளர்ந்தால் பழுதுபார்ப்பதைவிடப் புதியது வாங்குவதே மலிவாகிவிடும். உதகையிலோ குன்னூரிலோ வாங்குபவர்கள், உத்தரவாதக் காலத்தில் பழுது ஏற்பட்டால் கோயம்புத்தூர் வரை இறங்க வேண்டுமா, அஞ்சலில் அனுப்பினால் போதுமா என்பதைப் பணம் கொடுப்பதற்கு முன்பே கேட்டு, பில்லைப் பத்திரப்படுத்திக்கொள்ளுங்கள்.