பெரணிக்கு வாங்கிய செல்ஃப் வாட்டரிங் தொட்டி: எட்டு மாத அனுபவம்

எங்கள் வீடு வேளச்சேரியில் மூன்றாவது மாடி, பால்கனி வடக்குப் பார்த்தது. நேர் வெயில் பெரிதாக விழாது, வெளிச்சத்துக்கும் குறைவில்லை என்பதால் நம்பி ஒரு பாஸ்டன் ஃபெர்ன் (பெரணியில் ஒரு வகை) வாங்கி மண் தொட்டியில் வைத்திருந்தேன். மண் தொட்டியின் சுவர் வழியாகவே ஈரம் போய்க்கொண்டிருக்கும், அதனால் கோடையில் காலையில் ஊற்றினால் மாலைக்குள் காய்ந்துவிடும். இரண்டு நாள் ஊருக்குப் போய்விட்டு வந்தால் குட்டி இலைகள் எல்லாம் உதிர்ந்து தரை முழுக்கக் கிடக்கும், பார்க்கவே கஷ்டமாக இருக்கும். போன செப்டம்பரில் ஆன்லைனில் இந்த எட்டு அங்குலத் தொட்டியை 380 ரூபாய்க்கு வாங்கியதற்கு அதுதான் காரணம்.

இரண்டு அடுக்கு. மேலே செடி, கீழே சுமார் ஒரு லிட்டர் தண்ணீர், நடுவில் ஒரு திரி. விளக்குத் திரி எண்ணெயை இழுப்பதுபோல இது தண்ணீரை இழுத்து வேருக்குக் கொடுக்கிறது. பெரணிக்கு வேண்டியதும் அதுதான், மண் சொதசொதவென்றும் இருக்கக் கூடாது, ஒரு நாள்கூட முழுதாகக் காயவும் கூடாது. பொங்கலுக்கு ஐந்து நாள் திருநெல்வேலி போய்த் திரும்பி, பையைக்கூடக் கீழே வைக்காமல் பால்கனிக்குத்தான் ஓடினேன். ஒரு இலை வாடவில்லை. அந்த ஒரு காட்சிக்கே கொடுத்த காசு சரி என்று எனக்குத் தோன்றியது.

ஆனால் பெட்டியில் வந்தபடியே வைத்தால் சரிப்படாது. கூடவே கொடுத்த பருத்தித் திரி மூன்றாம் மாதத்திலேயே வழவழவென்று அழுகி அறுந்துவிட்டது. கீழே தண்ணீர் நிறைய இருக்கிறது, மேலே மண் காய்ந்து கிடக்கிறது, இரண்டு நாள் எனக்குக் காரணமே புரியவில்லை. பின்னல் நைலான் கயிற்றில் இரண்டு துண்டு வெட்டி மாட்டினேன், இன்றுவரை பிரச்சினை இல்லை. மண்ணும் முக்கியம். நர்சரியில் தரும் செம்மண்ணை அப்படியே போட்டால் இறுகிப்போய் வேருக்குக் காற்றே கிடைக்காது. நான் போட்டது கோகோபீட் (தேங்காய் நார்த் தூள்) இரண்டு பங்கு, பெர்லைட் (மண்ணில் காற்றோட்டம் தரும் லேசான வெள்ளைத் துகள்) ஒரு பங்கு, மண்புழு உரம் ஒரு பங்கு. கோகோபீட்டில் உப்பு இருக்கும், டீ நிறத்தில் வரும் தண்ணீர் தெளியும்வரை நாலைந்து முறை அலசிவிட்டுப் போடுங்கள்.

அடுத்தது தண்ணீர், இதைப் பற்றி விற்பவர்கள் ஒரு வரிகூடச் சொல்வதில்லை. எங்கள் வீட்டில் போர் தண்ணீர், பக்கெட்டில் வெள்ளைப் படிவம் பிடிக்கும் ரகம். இந்தத் தொட்டியில் தண்ணீர் கீழிருந்து மேலே மட்டும்தான் போகிறது, மேலே போனது ஆவியாகிவிடுகிறது, உப்பு மட்டும் மண்ணிலேயே தங்கிவிடுகிறது. நாலாவது மாதம் மண்மேல் வெள்ளைப் பொடி, இலை நுனியெல்லாம் கருகல். தண்ணீர் போதவில்லை என்று நினைத்து இன்னும் ஊற்றினேன், அது தப்பு. இப்போது மாதம் ஒருமுறை மேல் தொட்டியைத் தனியாகக் கழற்றி, பாத்ரூமில் வைத்து மேலிருந்து நன்றாக ஊற்றி உப்பை வடியவிடுகிறேன். கீழே நிரப்புவது ஏசியில் சொட்டும் தண்ணீர், அதில் உப்பு கிட்டத்தட்ட இல்லை. ஆர்.ஓ. கழிவுத் தண்ணீரை வீணாக்க வேண்டாமே என்று பெரணிக்கு ஊற்றாதீர்கள், வடிகட்டிய உப்பெல்லாம் அதில்தான் இருக்கிறது. புதிதாக வந்த இலைகளில் நுனி கருகல் இல்லை. கருகிய பழையவை பச்சையாகாது, வெட்டிவிட்டேன்.

கொசு விஷயத்தில்தான் எனக்குக் கோபம். தண்ணீர் ஊற்றும் துளைக்கு மூடி இருக்கிறது, ஆனால் சரியாக உட்காரவில்லை, நவம்பரில் உள்ளே புழு நெளிந்தது. டெங்குக் கொசு முட்டையிலிருந்து பறக்க ஒரு வாரம், பத்து நாள் போதும், குழந்தைகள் இருக்கும் வீட்டில் இதை இவ்வளவு அலட்சியமாகச் செய்திருக்கக் கூடாது. நைலான் வலைத் துண்டை ரப்பர் பேண்டு போட்டுக் கட்டினேன், ஐந்து நாளைக்கு ஒருமுறை கீழ்த் தண்ணீரைக் கொட்டிக் கழுவுகிறேன். மழைக்காலத்தில் கீழ் அடுக்கு காலியான பிறகு இரண்டு நாள் விட்டுத்தான் நிரப்புவேன், காற்றிலேயே அவ்வளவு ஈரம் இருக்கும்போது செடி அதிகம் குடிக்காது.

இந்த மே வெயிலில் ஒரு லிட்டர் நாலு நாள் வருகிறது. ஐந்துக்கு மூன்றரை நட்சத்திரம் கொடுப்பேன், மூடியும் திரியும் ஒழுங்காக இருந்திருந்தால் நாலரை. பறவைக்கூடு பெரணிக்கு இன்னொன்று வாங்கப்போகிறேன், அதன் நடுக்குருத்தில் தண்ணீர் தேங்கினால் அழுகிவிடும் என்பதால் கீழிருந்து ஏறும் தண்ணீர் அதற்கு நன்றாகப் பொருந்தும். இந்த முறை கடைக்கே நேரில் போய் மூடியை அழுத்திப் பார்த்துத்தான் வாங்குவேன், தண்ணீர் மட்டம் வெளியிலிருந்து தெரியும் மாடலாக.