உடைந்த பளிங்குக்குப் படத்தில் கை பொருத்த மூன்று வழிகள்

கையும் மூக்கும் போன ஒரு பழைய சிற்பத்தைப் புகைப்படத்தில் முழுமையாக்கிப் பார்க்க இன்று மூன்று வழிகள் இருக்கின்றன. ஒருவரை அதே நிலையில் நிற்கவைத்துப் படமெடுத்து, இல்லாத பகுதியை ஒட்டலாம். பல கோணங்களில் படமெடுத்து முப்பரிமாண மாதிரி செய்து, அதில் குறையைச் செதுக்கலாம். செயற்கை நுண்ணறிவிடம் நிரப்பச் சொல்லலாம்.

எதிலும் கல்லில் கை படுவதில்லை. இது பெரிய நன்மை. கிரேக்கத்தின் ஏகினா தீவுக் கோயில் சிற்பங்களை 1816-18இல் டேனிஷ் சிற்பி தோர்வால்ட்சன் முழுமையாக்கியபோது, புதுக் கல் பொருந்துவதற்காக உடைந்த பரப்புகளைச் சமப்படுத்தினார்கள். 1960களில், அவை இருக்கும் மியூனிக் அருங்காட்சியகத்தில் அந்தப் புதுப் பாகங்களைக் கழற்றிவிட்டார்கள். ஆனால் உடைவின் பழைய விளிம்பு போனது போனதுதான்.

என் தேர்வு முதல் வழி. எடையை ஒரு காலில் போட்டு நின்றால் இடுப்பு ஒரு பக்கம் ஏறும், தோள் அதற்கு எதிராகச் சாயும். கை எங்கே போக முடியும், எங்கே போக முடியாது என்பதை உடலே சொல்லிவிடும். இரு கைகளும் இல்லாத கிரேக்கச் சிலையான மிலோவின் வீனஸ் ஆப்பிள் வைத்திருந்தாள், கேடயம் பிடித்திருந்தாள் என்று பல ஊகங்கள் உண்டு. ஒருவர் அப்படி நின்று பார்த்தாலே, எந்த ஊகத்துக்குத் தோள் இயல்பாக ஒத்துவருகிறது என்று புரியத் தொடங்கும்.

ஆனால் இதில் கணக்கு தப்பக்கூடாது. வீனஸின் உயரம் சுமார் 2.04 மீட்டர். அவளை 6 மீட்டர் தள்ளி நின்று எடுத்திருந்தால், 1.70 மீட்டர் உயரமுள்ளவரை 5 மீட்டரில் நின்று எடுக்க வேண்டும். கேமராவின் உயரத்தையும் அதே விகிதத்தில் குறைக்க வேண்டும். லென்ஸை மட்டும் மாற்றினால் போதாது, படத்தில் அருகிலுள்ளதும் தள்ளியுள்ளதும் எந்த விகிதத்தில் தெரியும் என்பதைத் தீர்மானிப்பது தூரம். அப்புறம் வெளிச்சம். பளிங்குக்குள்ளும் தோலுக்குள்ளும் ஒளி கொஞ்சம் ஊடுருவித்தான் திரும்புகிறது, ஆனால் தோல் நிழலின் ஓரத்தில் சிவப்பைக் கசியவிடும். உடலில் வெள்ளைப் பூச்சு, கறுப்பு வெள்ளைப் படம் இரண்டும் சேர்ந்தால் இது பெரும்பாலும் அடங்கும்.

அடங்காத ஒன்றும் உண்டு. கிரேக்கச் சிற்பிகள் இடுப்புக்கு மேலே செதுக்கிய தடித்த தசைமேடு நிஜ உடலில் அந்த அளவுக்கு இருக்காது. நெற்றியிலிருந்து நேராக இறங்கும் மூக்கும் அப்படித்தான். அதனால் கைக்கும் காலுக்கும் ஆள் பொருந்துவார், முகத்துக்குப் பொருந்தமாட்டார்.

முகத்துக்கு நான் முப்பரிமாண மாதிரியைத்தான் நாடுவேன். ஒரே கிரேக்க மூலத்துக்கு ரோமானியப் பிரதிகள் பல இருந்தால், ஒன்றின் மூக்கை அளந்து இன்னொன்றுக்குக் கொடுக்கலாம். அது ஊகத்தைவிட ஆதாரத்துக்கு நெருக்கமானது. சிற்பமே அழிந்துபோனாலும் இந்த வழி உதவும். 2001இல் தகர்க்கப்பட்ட ஆப்கானிஸ்தானின் பாமியான் பெரிய புத்தரை, 1970இல் துல்லியமாக அளவெடுப்பதற்கென்றே எடுத்த படங்களை வைத்து சூரிச்சில் ஆய்வாளர்கள் கணினியில் மீட்டார்கள். இணையத்தில் கிடைத்த சாதாரணப் படங்களிலிருந்து செய்த மாதிரி அவ்வளவு நுட்பமாக வரவில்லை. எடுக்கும்போதே, ஒரு படத்தில் தெரியும் பகுதியில் பெரும்பங்கு அடுத்த படத்திலும் தெரிய வேண்டும், அழுத்தமான நிழல் விழக்கூடாது. மெருகேற்றிய பளிங்கு இங்கே தொல்லை தரும். மினுக்கம் இடம் மாறிக்கொண்டே இருப்பதால் மென்பொருள் குழம்பும்.

செயற்கை நுண்ணறிவை இந்த வேலைக்கு நான் சேர்க்கமாட்டேன். வேகத்தில் அதை அடிக்க முடியாது, சரி. ஆனால் தான் பார்த்த ஆயிரம் கைகளின் சாயலில் ஒரு கையைத் தருகிறது, அந்தத் தோளிலிருந்து கிளம்பிய கையை அல்ல. கட்டுப்படுத்தாவிட்டால் உடையாத உதட்டையும் மாற்றிவிடும்.

எந்த வழியானாலும் ஊகம் ஊகம்தான். 1506இல் ரோமில் கிடைத்த, பாம்புகளிடம் சிக்கிய தந்தையையும் மகன்களையும் காட்டும் லாவோகூன் சிற்பத்தில், தந்தைக்கு இத்தாலியச் சிற்பி மாண்டோர்சோலி நீட்டிய கையைப் பொருத்தினார். 20ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் தொல்லியலாளர் லுட்விக் பொல்லாக் கண்டெடுத்த அசல் கை, தலைக்குப் பின்னே மடங்கியிருந்தது. ஆகவே ஒட்டிய பகுதியைப் படத் திருத்த மென்பொருளில் தனி அடுக்காகவே (layer) சேமியுங்கள், உடைவின் கோட்டை மென்மையாக்கி மறைக்காதீர்கள், சேர்த்த இடத்தைக் கொஞ்சமாவது வெளிறவிடுங்கள். நாளை அசல் துண்டு கிடைத்தால் அந்த ஓர் அடுக்கை மட்டும் நீக்கினால் போதும்.