விடியற்காலை பேஸ்பால்: சந்தா கட்டுவதா, யூடியூபிலேயே ஒப்பேற்றுவதா?

கும்பகோணத்துக்கும் பாபநாசத்துக்கும் நடுவில் இருந்துகொண்டு அமெரிக்க பேஸ்பால் பார்க்கிறேன் என்றால், "ஏன், கிரிக்கெட்டெல்லாம் தீர்ந்துபோச்சா?" என்றுதான் முதலில் கேட்பார்கள். அதற்குப் பதில் சொல்ல இங்கே வரவில்லை. பார்க்க ஆசை வந்துவிட்டவர்கள் எதில் பார்ப்பது என்பதுதான் பேச்சு. கைக்கு எட்டும் வழிகள் மூன்று. மேஜர் லீக் பேஸ்பால் அமைப்பின் சொந்தச் சந்தா சேவையான எம்.எல்.பி. டிவி ஒன்று. காசில்லாத யூடியூப் இன்னொன்று. மூன்றாவது, நம் பகல் பொழுதிலேயே நடக்கிற ஜப்பான், கொரியா, தைவான் லீக்குகள். நான் சந்தா கட்டியிருப்பவன், அதனால் என்னிடம் நடுநிலையை எதிர்பார்க்க வேண்டாம்.

படம் தெளிவா, ஆப் வேகமா என்பதில் அலசப் பெரிதாக ஒன்றுமில்லை. வீட்டில் ஃபைபர் இருந்தால் எல்லாமே ஓடும். போன் டேட்டாவில் பார்த்தால் எதுவுமே தாங்காது. நல்ல தரத்தில் ஒரு மணி நேரத்துக்கு இரண்டு, மூன்று ஜிபி போய்விடும். ஒரு ஆட்டத்துக்கு ஒன்பது இன்னிங்ஸ்; நாளுக்கு 2 ஜிபி பேக் போட்டிருப்பவருக்கு நாலாவது இன்னிங்ஸிலேயே தீர்ந்துவிடும்.

கடிகாரத்தில்தான் சிக்கல். நியூயார்க், பாஸ்டன் பக்கம் இரவு 7.05-க்குத் தொடங்கும் ஆட்டம் நமக்கு விடியற்காலை 4.35. கலிபோர்னியாவில் 7.10 என்றால் நமக்குக் காலை 7.40, பிள்ளைகளை ஸ்கூல் வேனில் ஏற்றுகிற நேரம். பகல் ஆட்டங்கள்தான் கொஞ்சம் இரக்கப்படும். சிகாகோ கப்ஸ் அணியின் ரிக்லி ஃபீல்டில் மதியம் 1.20 ஆட்டம் நமக்கு இரவு 11.50. அந்த மைதானத்துக்கு ஃப்ளட்லைட் போட்டதே 1988-இல்தான். இன்றைக்கும் அங்கே பகல் ஆட்டங்கள் நிறைய. நமக்கென்றே வைத்த மாதிரி ஒரு ஆட்டமும் உண்டு. ஏப்ரல் மாதம் மூன்றாவது திங்கட்கிழமை, பேட்ரியட்ஸ் டே அன்று, பாஸ்டன் ஃபென்வே பார்க்கில் காலை 11.10-க்கு ஆரம்பிப்பார்கள். நமக்கு அது இரவு 8.40. தட்டை மடியில் வைத்துக்கொண்டு பார்க்கலாம்.

4.35 என்பதும் டெல்டாவில் அகால நேரம் இல்லை. மோட்டார் போட எழுந்தவர், பால் கறக்க எழுந்தவர், முதல் பஸ்ஸுக்குக் கிளம்புகிறவர் என்று தெருவில் நாலு வீட்டில் விளக்கு எரியும். (மார்கழியில் ஊரே எழுந்துகொள்ளும், அந்த மாதம் பார்த்து பேஸ்பால் கிடையாது.) 2023-இல் பிட்ச் கிளாக் வந்தது இன்னொரு வசதி. அடிப்பவர் ஓடிப்போய் நிற்கும் இடமான பேஸ்களில் யாரும் இல்லை என்றால் பிட்சர், அதாவது பந்து வீசுபவர், 15 விநாடிக்குள் வீசியாக வேண்டும். அதற்கு முந்தைய வருஷம் சராசரியாக மூன்று மணி நேரத்தைத் தாண்டிய ஆட்டம் இரண்டே முக்கால் மணிக்கும் கீழே இறங்கிவிட்டது. 4.35-க்கு உட்கார்ந்தால் ஏழேகாலுக்கு எழுந்து குளிக்கப் போகலாம்.

ஆனால் 162 ஆட்டம் உள்ள சீசனில் தினமும் அப்படி எழ யாராலும் முடியாது. பெரும்பாலும் சாயங்காலம்தான் பார்ப்போம், அதாவது முடிந்துபோன ஆட்டத்தை. அப்போது எனக்கு முக்கியமான ஒரே கேள்வி: யார் ஜெயித்தார்கள் என்று தெரியாமல் அதைப் பார்க்க முடியுமா? விலையையும் மொழியையும் இதற்குப் பிறகுதான் பேசுவேன்.

பந்து வீசத்தான் கெடு, ஆட்டம் இத்தனை மணிக்குள் முடிய வேண்டும் என்ற கெடு இந்த விளையாட்டில் கிடையாது. கடைசி அவுட் விழும்வரை எந்த முன்னிலைக்கும் உத்தரவாதம் இல்லை. 2011 உலகத் தொடரின் (சீசன் முடிவில் கோப்பைக்காக நடக்கும் இறுதித் தொடர்) ஆறாவது ஆட்டத்தில் டெக்ஸாஸ் ரேஞ்சர்ஸ் கோப்பைக்கு ஒரே ஒரு ஸ்ட்ரைக் (மூன்று விழுந்தால் அடிப்பவர் அவுட்) தூரத்தில் நின்றது. ஒன்பதாவது இன்னிங்ஸில் ஒருமுறை, ஸ்கோர் சமனானதால் கூடுதலாக வந்த பத்தாவதில் மறுபடி ஒருமுறை. இரண்டு தடவையும் செயின்ட் லூயிஸ் கார்டினல்ஸ் சமன் செய்து, பதினொன்றாவதில் டேவிட் ஃப்ரீஸ் அடித்த ஹோம் ரன்னில் (நம் சிக்ஸர் மாதிரி) 10-9 என்று ஜெயித்தது. முடிவு தெரிந்துகொண்டு இதைப் பார்ப்பது, அறுத்து முடித்த வயலுக்குத் தண்ணீர் பாய்ச்சுகிற மாதிரி.

யூடியூப் தோற்பது இந்த இடத்தில்தான். எம்.எல்.பி. சேனலில் ஒவ்வொரு ஆட்டத்துக்கும் ஹைலைட்ஸ் வந்துவிடும், நன்றாகவும் வெட்டியிருப்பார்கள். ஆனால் நீங்கள் அதைத் தேடிப் போவதற்குள் அது உங்களைத் தேடி வந்துவிடும். புளிக்குழம்பு வீடியோ பார்க்கத் திறந்தால், முகப்பில் ஒருவர் கையை உயர்த்திக்கொண்டு பேஸைச் சுற்றி ஓடுகிற படம், கீழே "வாக்-ஆஃப்" (ஆட்டத்தை அங்கேயே ஜெயித்து முடித்துவைக்கும் அடி) என்று கொட்டை எழுத்து. சட்டையைப் பார்த்தாலே எந்த அணி என்று தெரிந்துவிடுகிறது. வீடியோவைத் தொடவே இல்லை, ஆட்டம் முடிந்துபோகிறது. நோட்டிஃபிகேஷனை அணைக்கலாம், ஹிஸ்டரியை அழிக்கலாம். இரண்டு நாளில் மறுபடி வந்து நிற்கும், நாம் விரும்பிப் பார்ப்பது அதற்குத் தெரியுமே.

எம்.எல்.பி. ஆப்பில் ஸ்கோரை மறைக்க ஒரு பொத்தான் இருக்கிறது. அதைப் போட்டுவிட்டால் பட்டியலில் அணிகளின் பெயர் மட்டும் நிற்கும். முழு ஆட்டத்தையும் முதல் பந்திலிருந்து ஓட்டலாம். ஆட்டம் நடந்துகொண்டிருக்கும்போதே உள்ளே போனால்கூட ஆரம்பத்திலிருந்து பார்க்கலாம். சொந்த ஊர் அணியின் வர்ணனை வேண்டுமா, வெளியூர் அணியுடையதா என்று தேர்ந்தெடுக்கலாம். இன்னிங்ஸுக்கு நடுவே விளம்பரத்துக்குப் பதில் "கமர்ஷியல் பிரேக் இன் ப்ராக்ரஸ்" என்று ஒரு அட்டை மட்டும் நிற்கும். முதலில் நெட் போய்விட்டது என்று நினைப்பீர்கள். பழகினால் அதுதான் காப்பி கலக்கிற நேரம்.

இதிலும் ஓட்டை இல்லாமல் இல்லை. கீழே ஓடுகிற கோட்டை ஒருதரம் தொட்டால் வீடியோ இன்னும் எவ்வளவு மிச்சம் என்று காட்டிவிடும். ஒன்பதாவது இன்னிங்ஸ் சமநிலையில் போய்க்கொண்டிருக்க, கோட்டில் ஒரு மணி நேரம் பாக்கி இருந்தால் ஆட்டம் நீளப்போகிறது என்று புரிந்துவிடாதா? அதனால் டிவியில் போட்டுவிட்டு ரிமோட்டை எட்ட வைத்துவிடுவேன்.

ஸ்கோரை மறைத்தால் மட்டும் போதாது, வீட்டில் இருப்பவர்களையும் சேர்த்து மறைக்க வேண்டும். 2025 உலகத் தொடரின் மூன்றாவது ஆட்டம் நம் நேரப்படி அக்டோபர் 28 காலை ஐந்தரைக்குத் தொடங்கி மதியம் பன்னிரண்டைத் தாண்டித்தான் முடிந்தது. 18 இன்னிங்ஸ், ஆறரை மணி நேரத்துக்கும் மேலே. வேலைக்குக் கிளம்பும்போது பாதியில் நிறுத்திவிட்டு, மீதியைச் சாயங்காலத்துக்கு வைத்திருந்தேன். அக்கா மகனிடமிருந்து வாட்ஸ்அப்: "மாமா, ஓஹ்தானி ஒம்போது தடவ பேஸ்க்குப் போயிருக்கான்!" ஓஹ்தானி லாஸ் ஏஞ்சலஸ் டாட்ஜர்ஸ் அணியின் நட்சத்திரம், அவர் ஒன்பது தடவை பேஸுக்குப் போக வேண்டுமென்றால் ஆட்டம் எவ்வளவு இழுத்திருக்க வேண்டும் என்று கணக்குப் போடத் தெரியாதவனா நான்? ஃப்ரெடி ஃப்ரீமனின் ஹோம் ரன்னில் டாட்ஜர்ஸ் 6-5 என்று முடித்ததையாவது அவன் சொல்லாமல் விட்டானே.

அவன் யூடியூப் கட்சி. "பத்து நிமிஷத்துல முடியிற விஷயத்துக்கு மூணு மணி நேரம் எதுக்கு மாமா?" என்பான். அவன் பக்கத்திலும் நியாயம் இருக்கிறது. புதிதாகப் பழகுகிறவருக்கு யூடியூபைவிட நல்ல பள்ளிக்கூடம் இல்லை. பழைய முழு ஆட்டங்களை எம்.எல்.பி.யே ஏற்றி வைத்திருக்கிறது. 1991 உலகத் தொடரின் ஏழாவது ஆட்டத்தைப் பாருங்கள். மினசோட்டா அணியின் பிட்சர் ஜாக் மோரிஸ் பத்து இன்னிங்ஸும் தானே வீசி, எதிரணிக்கு ஒரு ரன்கூடக் கொடுக்கவில்லை. 1-0. விதி ஒன்றும் தெரியாதவரும் எட்டாவது இன்னிங்ஸில் நிமிர்ந்து உட்கார்ந்துவிடுவார். இத்தனை வருஷம் கழிந்த ஆட்டத்தின் முடிவை நம் ஊரில் யாரும் போட்டு உடைக்கப் போவதும் இல்லை.

நேரலைக்கு யூடியூபை நம்ப முடியாது. 2019 முதல் 2022 வரை வாரத்துக்கு ஒன்று போலச் சில ஆட்டங்களை எம்.எல்.பி. அதில் இலவசமாக நேரலையில் விட்டது. அந்த ஏற்பாடு அதோடு முடிந்தது. இப்போது "எம்.எல்.பி. லைவ்" என்று தேடினால் வருவதில் பெரும்பாலானவை வீடியோ கேம். அணி, மைதானம், ஸ்கோர் பலகை எல்லாம் அசலாகவே இருக்கும். பின்னால் இருக்கும் கூட்டத்தைப் பாருங்கள்: ஒரே வரிசையில் பத்துப் பேர் ஒரே நொடியில் ஒரே மாதிரி கை தட்டுவார்கள். அதிகாலையில் அரைத் தூக்கத்தில் இதைக் கண்டுபிடிக்கவே ஒரு இன்னிங்ஸ் ஆகிவிடும். திருட்டு ஸ்ட்ரீம் தளங்களைப் பற்றிப் பேச ஒன்றுமில்லை. மூட மூட விளம்பரம் திறக்கும், போனில் என்ன இறங்கியது என்று நமக்குத் தெரியாது. அதைவிட எம்.எல்.பி. தளத்தில் இலவசக் கணக்கு ஒன்று தொடங்கிக்கொள்ளுங்கள். சீசனில் இலவச ஆட்டம் என்று தனியாக ஒன்றைத் திறந்துவிடும் வழக்கம் அங்கே உண்டு.

கிழக்கே திரும்பினால் நேரம் அப்படியே நம் பக்கம் சாய்கிறது. ஜப்பானில் மாலை ஆறு மணி ஆட்டம் நமக்குப் பிற்பகல் 2.30. கொரியாவில் 6.30 என்றால் நமக்கு மூன்று மணி. சாப்பிட்டுவிட்டுக் கண் அசரும் நேரத்தில், கூட்டம் ஆட்டம் முழுக்கப் பாடிக்கொண்டே இருக்கிற ஸ்டேடியம் டிவியில் ஓடும். 2020 ஏப்ரலில் உலகமே முடங்கிக் கிடந்தபோது முதலில் பந்து வீசியது தைவான்தான், காலி ஸ்டேடியத்தில். ட்விட்டரில் ஆங்கில வர்ணனையோடு ஓட்டினார்கள். அடுத்த மாதம் கொரியா. ஆட்டத் தரத்திலும் குறை சொல்ல முடியாது. இன்றைக்கு டாட்ஜர்ஸில் வீசும் ரோகி சசாகி, 2022 ஏப்ரலில் ஜப்பானின் சிபா லோட்டே மரீன்ஸ் அணிக்காக ஒருவரைக்கூட பேஸுக்கு விடாத பெர்ஃபெக்ட் கேம் வீசினார். அதில் தொடர்ந்து 13 பேரை ஸ்ட்ரைக் அவுட் செய்தபோது அவருக்கு வயது இருபது.

ஆனால் கிழக்கில் என் அனுபவம் துண்டு துண்டானது. நான் பார்த்ததெல்லாம் ஜப்பானின் பசிபிக் லீக் டிவி யூடியூப் சேனலில் வரும் துண்டுகளும், பெரிய ஆட்டங்கள் சிலவும்தான். முழு சீசனையும் நேரலையில் தொடர்ந்ததில்லை. உள்ளூர் சேவைகள் அந்தந்த நாட்டு மொழியில் அந்தந்த நாட்டுக்காரருக்காக நடப்பவை. தேடும்போதே அணியின் பெயரை ஜப்பானிய எழுத்தில் ஒட்டினால்தான் சரியான வீடியோ வருகிறது. பிற்பகலில் ஓய்வு உள்ளவர்கள், கடையில் டிவி வைத்திருப்பவர்கள் இதில் இறங்கிப் பார்க்கலாம். சந்தாதான் மேல் என்ற என் தீர்ப்பு அவர்களுக்குப் பொருந்தாமல்கூடப் போகலாம்.

இனி காசு. எம்.எல்.பி. டிவியின் முழு சீசன் சந்தா 2025-இல் அமெரிக்காவில் சுமார் 150 டாலர், நம் கணக்கில் ரூ. 12,000-க்கு மேல். சும்மா இல்லை. ஆனால் இந்தச் சந்தா அமெரிக்காக்காரரைவிட நமக்குத்தான் அதிகம் கொடுக்கிறது. அங்கே பிளாக்அவுட் என்ற விதியால் உள்ளூர் அணியின் ஆட்டம் நேரலையில் மூடப்படும். அயோவா மாநிலத்தில் ஒரு அணிகூட இல்லை. இருந்தும் சுற்றியுள்ள ஆறு அணிகளுக்கு அதை உள்ளூர் என்று கணக்கிட்டு, கப்ஸ், கார்டினல்ஸ் உட்பட ஆறையும் பல வருஷமாக மறைத்து வைத்திருந்தார்கள். அயோவா விவசாயிக்குக் கிடைக்காத கப்ஸ் ஆட்டம் பாபநாசத்தில் கிடைத்தது.

சீசன் ஆரம்பத்திலேயே முழுத் தொகையைக் கொட்ட வேண்டியதில்லை. ஜூலையில், சீசன் நடுவே நட்சத்திர ஆட்டக்காரர்கள் மோதும் ஆல்-ஸ்டார் ஆட்டத்துக்கான இடைவேளையை ஒட்டி விலை இறங்கும் வழக்கம் உண்டு. சூடு பிடிப்பதும் அதற்குப் பிறகுதான். மேட்டூர் தண்ணீர் கடைமடை சேர்ந்து, நடவு வேலையும் ஓய்ந்திருக்கும். கார்டில் வெளிநாட்டு ஆன்லைன் பரிவர்த்தனையைப் பேங்க் ஆப்பில் நீங்களே திறந்துவிட வேண்டும், இல்லையென்றால் பணம் போகாது. வருடச் சந்தா தானாகப் புதுப்பித்துக்கொள்ளும். வேண்டாம் என்றால் கட்டிய அன்றே அதை நிறுத்திவிடலாம், சீசன் முடியும்வரை பார்க்கத் தடையில்லை.

இவ்வளவு வேண்டாம் என்பவர்களுக்கு ரேடியோ வர்ணனை மட்டும் தனிச் சந்தாவாக உண்டு, 2025-இல் வருஷத்துக்கு 30 டாலர் அளவில் இருந்தது. அக்டோபரில் ப்ளேஆஃப் நடக்கும்போதுதான் இங்கே ஐப்பசி மழை அடித்து ஊற்றும். கரண்ட் போய், ஃபைபரும் அறுந்து, போனில் ஒரு கோடு சிக்னல் இருந்தால்கூட வர்ணனை கேட்கும். டேட்டாவும் கடிக்காது. அக்கா மகனுக்கு இந்த வருஷம் அதைத்தான் வாங்கிக் கொடுக்கப் போகிறேன், வாட்ஸ்அப்பில் ஸ்கோர் அனுப்பக் கூடாது என்ற நிபந்தனையோடு.