காகிதம் யார் கையில்? அமெரிக்காவின் சிறப்பு விசாவும் பிரிட்டனின் ஆராப்பும்

2021 ஆகஸ்ட் 15 அன்று தாலிபான் காபூலுக்குள் நுழைந்தது. அந்நியப் படைகளுக்கு மொழிபெயர்த்துக் கொடுத்த பலரது வீடுகளில் அப்போது ஒரே வாக்குவாதம்: காகிதங்களை எரிப்பதா, வைத்திருப்பதா? பணிச்சான்று, பாராட்டுப் பத்திரம், முகாம் அடையாள அட்டை, கேப்டனோடு தோளில் கைபோட்டு எடுத்த படம். சோதனைச் சாவடியில் இவை பிடிபட்டால் உயிர் போகும். எரித்துவிட்டால் விசா போகும்.

இந்த இக்கட்டையே அளவுகோலாக வைத்து இரண்டு திட்டங்களை எடைபோட நினைக்கிறேன். ஒன்று அமெரிக்காவின் சிறப்புக் குடியேற்ற விசா, அதாவது எஸ்.ஐ.வி. மற்றொன்று பிரிட்டனின் ஆப்கான் மறுகுடியேற்ற, உதவிக் கொள்கை, சுருக்கமாக ஆராப். எத்தனை விசா, எத்தனை மாதம் என்ற கணக்குகளும் வரும். ஆனால் 'உங்களிடம் வேலை பார்த்தேன்' என்று நிரூபிக்கும் சுமையை யார் தலையில் ஏற்றினார்கள் என்று பார்த்தால்தான் ஒரு திட்டத்தின் குணம் தெரிகிறது.

ஆப்கானிஸ்தானில் இந்த மொழிபெயர்ப்பாளர்களுக்குப் பெயர் தர்ஜுமான். அமெரிக்கச் சிப்பாய்கள் அதை விட்டுவிட்டு, 'இன்டர்ப்ரெட்டர்' என்பதைச் சுருக்கி 'டெர்ப்' என்றார்கள். நமக்குத் துபாஷி என்ற சொல் பழக்கம்தான்; ஆனால் அதைச் சொன்னதும் புதுச்சேரியில் பிரெஞ்சு ஆளுநர் துய்ப்ளேக்சிடம் இருந்த ஆனந்தரங்கப் பிள்ளை நினைவுக்கு வந்துவிடுவார். அவர் பெருவணிகர், ஆளுநரின் காதுக்கு அருகில் இருந்தவர். தெற்கு ஆப்கானிஸ்தானின் ஹெல்மண்ட் மாகாணத்துக் கண்ணிவெடி வயல்களில் ரோந்துப் படையோடு, பெரும்பாலும் ஆயுதமில்லாமல், நடந்த இருபது வயதுப் பையனுக்கு அந்தச் செல்வாக்கில் நூறில் ஒரு பங்குகூட இல்லை. அவனிடம் இருந்த செல்வம் இரண்டு மொழிகளும் அந்தக் காகிதங்களும் மட்டுமே.

அமெரிக்கத் திட்டத்தின் முதல் பலம், அது சட்டம். 2006 நிதியாண்டின் பாதுகாப்புச் செலவுச் சட்டத்தில் ஒரு சிறு பிரிவாகத் தொடங்கியது. ஈராக், ஆப்கானிஸ்தான் இரண்டுக்கும் சேர்த்து ஆண்டுக்கு 50 மொழிபெயர்ப்பாளர்கள். ஒரு பெரிய முகாமின் தேவைக்கே போதாத எண்ணிக்கை. பிறகு ஈராக்கியருக்கு ஆண்டுக்கு 5,000 என்று 2008 ஜனவரியில் சட்டம் வந்தது. ஆப்கானியருக்கு 2009-இல் ஆண்டுக்கு 1,500. அதன்பின் ஒவ்வொரு முறையும் நாடாளுமன்றத்தில் மன்றாடி எண்ணிக்கையை ஏற்ற வேண்டியிருந்தது. 2024-இல்கூட 12,000 கூட்டினார்கள். ஓராண்டுப் பணி போதும் என்றிருந்ததை 2015-க்குப் பின் விண்ணப்பித்தவர்களுக்கு இரண்டாண்டு ஆக்கினார்கள். 2021 ஜூலையில், படை கிளம்பிக்கொண்டிருந்த அவசரத்தில், மறுபடி ஓராண்டு ஆக்கினார்கள். பதினெட்டு மாதம் குண்டுகளுக்கு நடுவே வேலை பார்த்தவன் நடுவிலிருந்த ஆறாண்டுகள் தகுதியற்றவனாக இருந்து, பிறகு திடீரென்று தகுதியுள்ளவன் ஆனான். அவன் செய்த வேலை என்னவோ அதே வேலைதான்.

இரண்டாவது பலம், கிடைக்கும் பரிசு. எஸ்.ஐ.வி.யில் வந்தவர் நிரந்தரமாக வசிக்கும் உரிமை பெற்றவராகவே இறங்கினார். கிரீன் கார்டுக்குத் தனியாகக் காத்திருக்க வேண்டியிருக்கவில்லை. மனைவியும் 21 வயதுக்குட்பட்ட, மணமாகாத பிள்ளைகளும் கூடவே வர முடிந்தது.

அந்தப் பரிசை அடைவதற்கான வழிதான் கொடுமை. 14 படிகள் என்று எண்ணிச் சொல்வார்கள். முதல் படியிலேயே இரண்டு காகிதங்கள் வேண்டும்: வேலை கொடுத்த நிறுவனத்தின் பணிச்சான்று, நேரடியாக மேற்பார்வை செய்த அமெரிக்கரின் பரிந்துரைக் கடிதம். கேட்க நியாயமாகத்தான் இருக்கிறது. ஆனால் படைப்பிரிவுகள் ஓராண்டுக்குள் மாறிக்கொண்டே இருக்கும். 2009-இல் 'சார்ஜன்ட் மைக்' என்று மட்டும் தெரிந்த ஒருவரை 2019-இல் காபூலில் இருந்துகொண்டு எந்த ஊரில் தேடுவது? மேலும், மொழிபெயர்ப்பாளர்களில் பெரும்பாலோருக்குச் சம்பளம் கொடுத்தது ராணுவம் இல்லை, ஒப்பந்த நிறுவனங்கள். நிறுவனம் ஒப்பந்தத்தை இழந்தாலோ, மூடப்பட்டாலோ, பதிவேடும் அதோடு போய்விடும்.

2008 பிப்ரவரியில் பனிப்புயலில் சிக்கிய இரண்டு ஹெலிகாப்டர்கள் ஆப்கான் மலைப்பகுதியில் அவசரமாகத் தரையிறங்கின. அவற்றில் மூன்று செனட்டர்கள்: ஜோ பைடன், ஜான் கெர்ரி, சக் ஹேகல். அவர்களை மீட்கப் பாக்ராம் விமானதளத்திலிருந்து பனியில் வண்டியோட்டிப் போன குழுவில் ஓர் ஆப்கான் மொழிபெயர்ப்பாளரும் இருந்தார். பதின்மூன்று ஆண்டுகள் கழித்துப் பைடன் அதிபராக இருந்து படையைத் திரும்பப் பெற்றபோது, அந்த மொழிபெயர்ப்பாளரின் விண்ணப்பம் பாதியில் நின்றிருந்தது. காரணம், அவருடைய ஒப்பந்த நிறுவனம் ஆவணங்களைத் தொலைத்துவிட்டது. அதிபரையே பனியிலிருந்து மீட்கப் போனவருக்கு இந்தக் கதி என்றால், பெயர் தெரியாத லெப்டினன்டை மீட்டவரைப் பற்றிக் கேட்க வேண்டுமா? பைடனை மீட்கப் போன அந்த மொழிபெயர்ப்பாளர் 2021 அக்டோபரில் தரைவழியாகப் பாகிஸ்தானுக்குள் போய்ச் சேர்ந்தார்; அதற்கும் செய்தித்தாளில் கதை வர வேண்டியிருந்தது.

எதிர்ப்பக்கத்தையும் சொல்லிவிட வேண்டும். கடிதத்தை நம்பிய இந்த முறை, விசுவாசமான ஓர் அதிகாரி வாய்த்தவரைக் கரை சேர்த்திருக்கிறது. 2008-இல் கஸ்னியில் நடந்த சண்டையில் மாட் ஜெல்லர் என்ற அதிகாரியின் உயிரைக் காப்பாற்றினார் ஜானிஸ் ஷின்வாரி. அவருக்கு வந்த விசா, அவர் விமானம் ஏறுவதற்குள் ரத்தானது. ஜெல்லர் ஊடகங்களிலும் நாடாளுமன்ற வராந்தாக்களிலும் விடாமல் கத்தி அதை மீட்டார். 2013-இல் ஷின்வாரி அமெரிக்கா போய்ச் சேர்ந்தார். இருவரும் சேர்ந்து பிறகு மற்ற மொழிபெயர்ப்பாளர்களுக்கு உதவ ஓர் அமைப்பையே தொடங்கினார்கள். இப்படி ஒருவர் கத்தினால்தான் நகரும் சட்டத்தை நல்ல சட்டம் என்று சொல்ல எனக்கு மனம் வரவில்லை.

பிரிட்டன் இதற்கு நேர்மாறான இடத்திலிருந்து வந்தது. அதன் மொழிபெயர்ப்பாளர்களில் பெரும்பாலோர் ராணுவத்தின் நேரடிச் சம்பளப் பட்டியலில் இருந்தவர்கள். யார், எங்கே, எத்தனை மாதம் என்பதெல்லாம் அமைச்சகத்தின் அலமாரியிலேயே இருந்தது. காகிதம் தேடி யாரும் அலைய வேண்டியதில்லை. இவ்வளவு வசதி இருந்தும் 2021 வரை அவர்கள் செய்தது அற்பம்.

2013-இல் அறிவித்த திட்டம், 2012 டிசம்பர் 19 அன்று பணியில் இருந்தவருக்கு மட்டும். பதினெட்டு மாதச் சம்பளத்தை வாங்கிக்கொள்ளலாம், அல்லது உதவித்தொகையோடு படிக்கலாம், அல்லது ஹெல்மண்ட் முன்களத்தில் ஓராண்டாவது இருந்திருந்தால் பிரிட்டன் போகலாம். டிசம்பர் 18 அன்று வேலையை விட்டவருக்கு ஒன்றுமில்லை. அவருக்கென்று இருந்தது மிரட்டல் திட்டம் என்ற தனி ஏற்பாடு: தாலிபானால் ஆபத்து என்றால் வந்து சொல், விசாரிப்போம். விசாரித்துவிட்டுத் தொலைபேசி எண்ணை மாற்று, வேறு ஊருக்குப் போ என்ற ரீதியில் அறிவுரை கொடுத்தார்கள். 2018-இல் பிரிட்டிஷ் நாடாளுமன்றத்தின் பாதுகாப்புக் குழு ஆராய்ந்தபோது, அந்தத் திட்டத்தின் வழியாக ஒரே ஒருவர்கூடப் பிரிட்டனுக்குக் கொண்டுவரப்படவில்லை என்று தெரிந்தது. முதல் திட்டத்தில் வந்து சேர்ந்தவர்களுக்கும் ஐந்தாண்டு அனுமதிதான். அது முடிந்ததும் நிரந்தரமாகத் தங்க ஆளுக்கு 2,389 பவுண்ட் கட்டணம் கேட்டார்கள். கூச்சல் எழுந்த பிறகு தள்ளுபடி செய்தார்கள்.

2021 ஏப்ரல் 1 அன்று வந்த ஆராப், இதையெல்லாம் பார்த்து வெட்கப்பட்டு எழுதியதுபோல் இருந்தது. ஆபத்து வந்துவிட்டது என்று விண்ணப்பிப்பவர் நிரூபிக்க வேண்டாம். வெளிப்படையாகத் தெரியும் பணியில் நேரடி ஊழியராக இருந்திருந்தாலே போதும். எந்த ஆண்டு வேலை பார்த்தாலும் சரி, ஒரு நாள்தான் பார்த்தாலும் சரி. அமைச்சகமே தன் பதிவேட்டில் சரிபார்த்துக்கொள்ளும். வடிவமைப்பை மட்டும் பார்த்தால் அமெரிக்கத் திட்டத்தைவிட இது பல மடங்கு மேல். காலவரையற்றுத் தங்கும் உரிமையும் அந்த ஆண்டே சேர்ந்தது.

குடும்ப விஷயத்தில் இரண்டும் எதிரெதிர்த் திசையில் வெட்டின. மணமாகாத பத்தொன்பது வயது மகளை அமெரிக்கா தானாகவே சேர்த்துக்கொண்டது; ஆராப்பில் 18 வயதைத் தாண்டிய பிள்ளைக்குத் தனியே வாதாட வேண்டியிருந்தது. வயதான தாயை அமெரிக்கத் திட்டத்தில் சேர்க்கவே முடியவில்லை. ஆராப்பில், மகனின் வேலையால் அவளுக்கும் ஆபத்து என்று காட்டினால் கேட்டுப் பார்க்க வழி இருந்தது. கூட்டுக்குடும்பமாக வாழ்பவர்களுக்கு இந்த இரண்டாவது வாசல் எவ்வளவு பெரியது என்று நம் வாசகர்களுக்கு விளக்க வேண்டியதில்லை.

ஆனால் காகிதம் அமைச்சகத்தின் கையில் இருப்பதற்கும் ஒரு விலை உண்டு. 2021 செப்டம்பரில், நாட்டுக்குள் ஒளிந்திருந்தவர்கள் உட்பட 245 பேருக்கு ஒரே மின்னஞ்சலை அனுப்பினார்கள். எல்லோருடைய முகவரியும் எல்லோருக்கும் தெரிந்தது. பதில் எழுதியவர்களில் சிலர் அத்தனை பேருக்கும் பதிலை அனுப்பிவைத்தார்கள். தகவல் பாதுகாப்பு ஆணையம் பாதுகாப்பு அமைச்சகத்துக்கு 3,50,000 பவுண்ட் அபராதம் விதித்தது. அதைவிடப் பெரியது 2022 பிப்ரவரியில் நடந்தது. ஏறத்தாழ 19,000 விண்ணப்பதாரர்களின் விவரங்கள் கொண்ட பட்டியல் ஒன்று அமைச்சகத்திலிருந்து தவறுதலாக வெளியே போனது. 2023 ஆகஸ்டில் அதன் ஒரு பகுதி ஃபேஸ்புக்கில் தென்பட்டபோதுதான் அவர்களுக்கே தெரிந்தது. உடனே நீதிமன்றத்தில் தடையாணை வாங்கினார்கள். தடையாணை இருப்பதைக்கூட வெளியே சொல்லக்கூடாது. 2025 ஜூலை 15 வரை, பட்டியலில் இருந்தவர்களுக்கே தங்கள் பெயர் கசிந்தது தெரியாது. சிலரை ரகசியமாக மீட்டு வந்தார்கள் என்பது உண்மை. ஆனாலும் தன் பெயர் எதிரியிடம் போயிருக்கலாம் என்பதை அறியும் உரிமை முதலில் யாருக்கு?

இரண்டு நாடுகளும் ஒன்றுபோல் நடந்துகொண்ட இடம், வேலையிலிருந்து நீக்கப்பட்டவர்கள். அமெரிக்கப் படையிடம் பதினாறு மாதம் பணியாற்றிய ஒருவர் 2012-இல் பொய் கண்டறியும் சோதனையில் தேறவில்லை என்று நீக்கப்பட்டார். 2021 மே மாதம், காபூலிலிருந்து கோஸ்டுக்குக் காரில் போகும் வழியில் தாலிபான் அவரை மறித்துத் தலையை வெட்டியது. விஞ்ஞானிகளே நம்பிக்கை வைக்காத ஒரு இயந்திரத்தின் ஊசி ஆடியதற்காக அவருக்கு விசாவுக்கான வாசல் மூடியிருந்தது. தாலிபானிடம் அந்தச் சோதனை முடிவு செல்லுபடியாகவில்லை. பிரிட்டனும் ஒழுங்கு நடவடிக்கையில் நீக்கப்பட்டவர்களை, அற்பக் காரணங்கள் தவிர, தொடக்கத்தில் விலக்கியே வைத்தது.

மற்ற நாடுகளை ஓரிரு வரியில் கடக்கலாம். கனடாவின் 2009 திட்டம் காந்தஹாரில் 2007 அக்டோபருக்குப் பின் ஓராண்டு தொடர்ந்து பணியாற்றியவருக்கு மட்டும். 2011-இல் கதவைச் சாத்தினார்கள். 2021-இல் மறுபடி திறந்தபோது விண்ணப்பத்துக்கு முதலில் மூன்று நாள் கெடு வைத்து, பிறகு வாங்கிக்கட்டிக்கொண்டு நீக்கினார்கள். ஆஸ்திரேலியா காபூல் விழுவதற்கு ஏறத்தாழ இரண்டரை மாதம் முன்பே தூதரகத்தை மூடிவிட்டது. ஜெர்மனி ஒப்பந்த நிறுவனங்கள் வழியாக வந்தவர்களைத் தன் ஊழியராகவே கருதவில்லை.

எது மேல் என்று கேட்டால், 2021-இல் கேட்பதாக வைத்துக்கொண்டு பதில் சொல்கிறேன். நேரடிச் சம்பளப் பட்டியலில் பெயர் இருந்தால் ஆராப். தொலைபேசியை எடுக்கும் அமெரிக்க அதிகாரி ஒருவர் இருந்தால் எஸ்.ஐ.வி. தாமதமானால் தட்டிக்கேட்கவும் அமெரிக்கச் சட்டமே வசதி: ஒன்பது மாதத்துக்குள் முடிக்க வேண்டும் என்று அதில் எழுதியிருந்ததால்தான், பல ஆண்டு இழுத்தடிப்பு நியாயமற்றது என்று 2019-இல் நீதிமன்றத்தால் சொல்ல முடிந்தது. ஆராப்பை அமைச்சர் நினைத்தால் மூடலாம். 2025 ஜூலை 1 அன்று, அறிவித்த அன்றைக்கே, புதிய விண்ணப்பங்களுக்கு மூடினார்கள். சட்டம் மட்டும் என்ன கிழித்தது என்றும் கேட்கலாம். 2025 நவம்பர் இறுதியில் ஆப்கான் கடவுச்சீட்டுக்கு விசா வழங்குவதையே வாஷிங்டன் நிறுத்தியது. ஒப்பந்த நிறுவனத்தில் வேலை பார்த்து, அது மூடப்பட்டு, அதிகாரியின் முழுப்பெயர் தெரியாதவருக்கு இரண்டுமே இல்லை.

நான் முதலிடம் கொடுப்பது இந்த இரண்டுக்கும் இல்லை. 2007-இல் ஈராக்கின் பஸ்ராவில் பிரிட்டிஷ் தலைமையின் கீழ் டென்மார்க்கின் சிறு படை ஒன்று இருந்தது. ஆகஸ்டில் கிளம்புவதாகத் திட்டம். அதற்கு முன்பே, ஜூலையில், தங்களுக்கு வேலை பார்த்த மொழிபெயர்ப்பாளர்களையும் குடும்பங்களையும், ஏறத்தாழ 200 பேரை, ரகசியமாக விமானத்தில் ஏற்றினார்கள். சிறு கூட்டம் என்பதால் முடிந்தது என்பார்கள், சரிதான். ஆனால் அதே பஸ்ராவில் பிரிட்டன் தன் ஈராக்கிய ஊழியர்களுக்குத் திட்டம் அறிவித்தது அக்டோபரில். கடைசி விமானம் கிளம்பிய பிறகுதான் டென்மார்க் செய்தியையே வெளியிட்டது.