பாலையூற்றுக் கருவாட்டுக் கடை: நம்பி வாங்கலாம்

திருகோணமலையில் சுத்தமான கட்டாக் கருவாடு தேடுகிறவர்கள் பாலையூற்று மாதா கோயில் பக்கம் போங்கள். தகரக் கொட்டில், பெயர்ப்பலகை கிடையாது. தராசுக்கு மேலே சோக்கட்டியால் 'நீதிமொழிகள் 11:1' என்று எழுதியிருக்கும். கள்ளத்தராசு பற்றிய வசனம். கடைக்கார அக்கா அதன்படியேதான் நிறுக்கிறார்.

கருவாட்டில் களவு ஈரத்தில்தான் ஒளிந்திருக்கும். அரைக்காய்ச்சலில் விற்றால் விற்கிறவருக்கு இலாபம்; வாங்கினவர் இரண்டு நாள் வெயிலில் போட்டால் நிறை இறங்கிவிடும். வயிற்றுக்குள் கல்லுப்பை விட்டே நிறுப்பவர்களும் உண்டு. இங்கே மீனை முதுகால் பிளந்து, குடலும் செவுளும் எடுத்து, இரத்தம் போகக் கழுவி, மூன்று பங்கு மீனுக்கு ஒரு பங்கு உப்பில் ஊறவிடுகிறார். பிறகு மேலுப்பைக் கழுவி, மணலில் போடாமல் வலைத்தட்டில் காயவைக்கிறார். நிறுக்கமுன் ஒவ்வொரு துண்டையும் தட்டி உப்பை உதிர்ப்பார். தடித்த இடத்தில் விரலால் அழுத்திப் பாருங்கள், குழி விழாது. பூச்சிமருந்து அடிப்பதில்லை, நுளம்புவலைதான். ஈயே அண்டாத கருவாட்டைக் கண்டால்தான் யோசிக்கவேண்டும்.

மாரியில் போனால் தட்டு அநேகமாக வெறுமை. ஈரக்காற்றில் கருவாடு சிவப்புப் பூக்கும். உப்பிலேயே வளருகிற கிருமி அது. அதைக் கழுவி மறுபடி காயவைத்து விற்கலாம், வாங்குகிறவருக்குத் தெரியாது. அக்கா புதைத்துவிடுகிறார். கையில் காசில்லாத அந்த மாதங்களில்தான் கருவாட்டை மொத்தமாக வாங்கும் முதலாளிமார் முற்பணத்தோடு வருவார்கள். வாங்கினால் அடுத்த பருவம் முழுக்க அவர்கள் சொன்னதே விலை, நிறையில் 'கழிவு' வேறு வெட்டுவார்கள். அக்கா அந்தப் பணத்தைத் தொடுவதில்லை. 2022 ஓகஸ்டில் மீன்பிடிப் படகுகளுக்கு ஊற்றும் மண்ணெண்ணெய் லீற்றர் 87 ரூபாவிலிருந்து 340க்கு ஏறி, மீன் வரத்துக் குறைந்தபோதும் விலையைக் கூட்டினாரே தவிர நிறையில் கைவைக்கவில்லை. தபசுகால வெள்ளிகளில், இறைச்சி தவிர்க்கும் சுத்தபோசனத்துக்காகச் சனம் கூடும். அதைச் சாட்டி விலை ஏற்றுவதும் கிடையாது. இந்த நேர்மைக்கு அவர் கொடுக்கும் விலை பெரிது. கூரைத் தகரத்தின் ஓட்டைகளைப் பார்த்தாலே தெரியும்.

குறை என்றால், கட்டாவில் உப்புக் கொஞ்சம் தூக்கல். இளஞ்சூட்டுத் தண்ணீரில் அரை மணிநேரம் ஊறவிட்டு, இடையில் ஒருமுறை தண்ணீர் மாற்றுங்கள். கத்தரிக்காயும் மாங்காயும் போட்டுத் தேங்காய்ப்பால் விட்டு இறக்கும்வரை உப்புப் போடவேண்டாம். நெத்தலியில் மணல் கடிபடாது, கழுவினால் போதும். பொலித்தீன் பையில் கட்டி வைக்காதீர்கள், வியர்த்துப் பூஞ்சணம் பிடிக்கும், கடதாசியில் சுற்றுங்கள். ஞாயிறும் பெரிய வெள்ளியும் கடை பூட்டு. மற்ற நாட்களில் காலையிலேயே போங்கள், கட்டா முதலில் முடிந்துவிடும்.