செட்டா, நிஜ வீடா?

ராயபுரத்துல ஒரு பழைய வீடு கிடைச்சா அங்கயே ஷூட் பண்றதா இல்ல ஸ்டுடியோ ஃப்ளோர்ல செட் போடுறதா, சினிமா ஆர்ட் டிபார்ட்மென்ட்ல எப்பவும் ஓடுற பேச்சு இது. நிஜ வீட்டுல அடுப்படி எண்ணெப் பிசுக்கு, தேஞ்ச வாசப்படி, ஓதம் ஏறி உப்பு பூத்த சுவரு எல்லாம் ரெடியா இருக்கும், அதையே செட்ல கொண்டு வரணும்னா பிளைவுட் மேல பிளாஸ்டர் போட்டு பெயிண்டர் ரெண்டு மூணு கோட் அடிச்சு தேய்ச்சு அழுக்காக்கணும், அந்த வேலைய பக்கத்துல நின்னு பாத்தா அவ்ளோ மரியாதை வரும்.

ஆனா பத்துக்குப் பத்து ரூம்ல கேமராவ எங்க வைக்கிறது? செட்னா ஒரு சுவர கழட்டிட்டு பின்னாடி போயிடலாம், லைட்ட மேல இருந்து கட்டலாம், ஐப்பசி மழை பத்தியும் கவலையில்ல. பீரியட் படம்னா, அதாவது பழைய காலத்துக் கதைன்னா, நிஜ வீட்டுல கேபிள் வயர், ஏசி, ஃப்ளெக்ஸ் எல்லாத்தையும் மறைக்கவே பாதி நாள் போயிடும்.

1987ல வந்த நாயகன் படத்துக்கு ஆர்ட் டைரக்டர் தோட்டா தரணி மும்பை தாராவிய சென்னையிலயே செட்டா போட்டாரு, தேசிய விருதும் வாங்கினாரு, பாக்குறப்போ செட்டுன்னே தோணாது.

என்னக் கேட்டா ரெண்டு மூணு சீன்னா நிஜ வீடு, படம் முழுக்க ஒரே வீடுன்னா செட்டு தான்.